லேக்கர்ஸும் மூன்று செகண்ட் கட்டமும் – கடிதம்

அன்புள்ள சார்,

தக்கலைப் பக்கம் ஒரு பள்ளிக்கூடத்தில் பி.டி. ஆசிரியராக இருக்கிறேன். மொபைலில் அமெரிக்கக் கூடைப்பந்து லீக்கான என்.பி.ஏ. பார்க்கும் பிள்ளைகள் கேட்கிறார்கள்: லாஸ் ஏஞ்சல்ஸ் லேக்கர்ஸ் அணியின் 17 கோப்பைகளில் ஐந்து, அது மின்னியாபொலிஸ் நகரில் இருந்தபோது வாங்கியவை, அதையும் சேர்க்கலாமா? கூடைக்கு முன்னால் உள்ள மூன்று செகண்ட் கட்டம் என்.பி.ஏ.வில் நீள்சதுரமாக இருக்க, நம்ம கிரவுண்டில் மட்டும் ஏன் சாய்ந்து கிடக்கிறது? புதிதாகக் கோடு போடப்போகிறோம், அளவும் சொல்லுங்கள்.

அன்புள்ள நண்பருக்கு,

தாராளமாகச் சேர்க்கலாம். இன்றைய ஆட்டத்தின் வடிவமே அந்த மின்னியாபொலிஸ் காலத்தில்தான் உருவாகத் தொடங்கியது.

1947-ல் 44 ஆட்டங்களில் 40 தோற்றுக் கிடந்த டெட்ராய்ட் ஜெம்ஸ் அணியை மின்னியாபொலிஸ்காரர்கள் 15,000 டாலருக்கு வாங்கி லேக்கர்ஸ் ஆக்கினார்கள். ஆட்டக்காரர்கள் கூட வரவில்லை. ஆனால் அணி இல்லாத ஆட்டக்காரர்களை எடுப்பதில் கடைசி இடத்து அணிக்கு முதல் தேர்வு உண்டு. ஜார்ஜ் மைக்கனின் சிகாகோ அணி போய்ச் சேர்ந்த புது லீக் ஒரு மாதம்கூடத் தாங்கவில்லை. 6 அடி 10 அங்குல மைக்கன் லேக்கர்ஸுக்குக் கிடைத்தார். தோல்விக் கணக்கு கொடுத்த லாபம்! 1949, 50, 52, 53, 54 கோப்பைகள் அவர் காலத்தவை. 1948-ல் வேறு லீக்கில் ஜெயித்தது இந்த 17-ல் வராது.

தாக்கும் அணியினர் மூன்று செகண்டுக்கு மேல் நிற்கக்கூடாத அந்தக் கட்டத்தின் அகலம் அன்று 6 அடிதான். மைக்கன் விளிம்பில் பந்தை வாங்கித் திரும்பினாலே கூடை. அதனால் 1951-ல் 12 அடியாக்கினார்கள். 1964-ல் இன்னொரு நெட்டை ஆட்டக்காரரான வில்ட் சேம்பர்லைனை மனதில் வைத்து 16 அடி.

மைக்கனைச் சமாளிக்க இன்னொரு வழி, பந்தையே விடாமல் வைத்திருப்பது. 1950 நவம்பர் 22-ல் ஃபோர்ட் வெய்ன் பிஸ்டன்ஸ் அப்படித்தான் 19–18 என்று ஜெயித்தது. அந்த 18-ல் 15 மைக்கன் போட்டவை. பார்க்க வந்தவர்கள் பாவம். 1954-ல் சிரக்யூஸ் அணி உரிமையாளர் டேனி பயசோன் கணக்குப் போட்டார்: 48 நிமிடம் 2,880 செகண்ட், நல்ல ஆட்டத்தில் இரு அணியும் சேர்ந்து 120 முறை எறியும், வகுத்தால் 24. பந்து கிடைத்த அணி 24 செகண்டுக்குள் கூடைக்கு எறிய வேண்டும் என்ற விதி அப்படி வந்தது.

லேக்கர்ஸ் லாஸ் ஏஞ்சல்ஸுக்குப் போனது 1960-ல். அங்கே முதல் கோப்பை 1972-ல்தான். இடையில் ஆறு இறுதிப்போட்டிகளில் பாஸ்டனிடம் தோல்வி.

உங்கள் கிரவுண்டில் இருப்பது உலகக் கூடைப்பந்து அமைப்பான ஃபிபா 2010 வரை வைத்திருந்த சரிவகம், கூடைக்குப் பின்னால் உள்ள எல்லைக்கோடான எண்ட் லைனில் அதன் அகலம் 6 மீட்டர். இப்போது நீள்சதுரம். எண்ட் லைனின் நடுப்புள்ளியிலிருந்து இருபுறமும் 2.45 மீட்டர், கோட்டின் வெளிவிளிம்பு வரை. நீளம், எண்ட் லைனின் உள்விளிம்பிலிருந்து ஃப்ரீ த்ரோ கோட்டின் (தடையில்லாமல் தனியாக எறிய நிற்கும் கோடு) தூர விளிம்புக்கு 5.8 மீட்டர். கம்பத்திலிருந்து டேப் பிடித்தால் எல்லாம் தப்பும். வளையம் மாட்டிய போர்டின் முகம் எண்ட் லைனுக்கு 1.2 மீட்டர் உள்ளே இருக்கிறதா என்று முதலில் பாருங்கள். இல்லையென்றால் கோடு சரியாக இருந்தும் ஃப்ரீ த்ரோ தூரம் 4.6 வராது.

சரிவகம் அழியாத இடத்தில் மூன்று புள்ளிக் கோடும் பெரும்பாலும் பழைய 6.25-ல்தான் இருக்கும். வளையத்தின் நடுவிலிருந்து தூக்குக்குண்டு விட்டுத் தரையில் குறித்து, அங்கிருந்து 6.75-க்கு வளைவு போடுங்கள். பக்கக் கோட்டுக்கு 90 சென்டிமீட்டர் வந்ததும் நேர்கோடாக்கிவிடுங்கள். நம் மாவட்டத்தில் ஜூனிலும் மழை, அக்டோபரிலும் மழை. ஈரம் இறங்கிய சிமென்ட் தரையில் பெயிண்ட் உரிந்து வரும். பிப்ரவரியில் வேலையை வையுங்கள்.