தியன் பியன் பூ: எதைப் பார்ப்பது, எதை விடுவது?

கேள்வி: ஹனோய்க்குச் செல்கிறோம். ஒரே நாளில் தியன் பியன் பூ போர்க்களத்தைப் பார்த்துத் திரும்ப முடியுமா? முழங்கால் வலியுள்ள என் தந்தையும் உடன் வருகிறார்.

பதில்: ஒரு நாள் போதாது, இரண்டு இரவுகளாவது தங்குங்கள். சாலை வழி 450 கி.மீ.க்கும் மேற்பட்ட மலைப்பாதை என்பதால், தந்தைக்கு ஏறத்தாழ ஒரு மணி நேர விமானப் பயணமே ஏற்றது. 1954-இல் இங்கே வியட்நாமிய விடுதலைப் படையிடம் தோற்ற பிரெஞ்சுப் படை, தன் உயிர்நாடியாக நம்பியிருந்த விமானத்தளம் இருந்த இடத்தில்தான் இன்றைய விமான நிலையமும் இருக்கிறது. மார்ச் 13-இல் தாக்குதல் தொடங்கிய சில நாட்களிலேயே வியட்நாமியப் பீரங்கிகள் அதை முடக்கிவிட்டன. அதன்பின் பிரெஞ்சுப் படைக்கு உணவும் மருந்தும் பாராசூட்டில்தான் இறங்கின.

முதலில் அருங்காட்சியகத்துக்குச் செல்லுங்கள். அங்குள்ள சுமை மிதிவண்டியின் அருகே சற்று நில்லுங்கள். திருப்புவதற்குக் கைப்பிடியில் ஒரு மூங்கில் கழி, சாயாமல் தாங்குவதற்கு இருக்கைக்குப் பின்னால் மற்றொன்று. ஒருவர் தள்ளிச் சென்ற அத்தகைய வண்டியில் 200 கிலோவுக்கு மேல் அரிசி ஏறியது. மலை சூழ்ந்த பள்ளத்தாக்குக்குக் கனரகப் பீரங்கிகளும் அவற்றை இயக்கும் பெரும்படைக்கான உணவும் வந்து சேர முடியாது என்ற பிரெஞ்சுக் கணக்கு எங்கே தவறியது என்பது அதைப் பார்த்தாலே விளங்கிவிடும்.

அடுத்து, பிரெஞ்சுப் படை காத்துநின்ற ஏ1 குன்று. வியட்நாமியப் படை அடியில் சுரங்கம் தோண்டி, ஏறத்தாழ ஒரு டன் வெடிமருந்தை நிரப்பி, மே 6 இரவு வெடிக்கச் செய்த பெரும் பள்ளம் இன்றும் உச்சியில் இருக்கிறது. மறுநாள் பிரெஞ்சுத் தளபதி டி காஸ்ட்ரி தம் பதுங்கு அறையில் பிடிபட்டார். குன்றின் அருகிலுள்ள கல்லறைத் தோட்டத்தில் 600-க்கும் மேற்பட்ட வியட்நாமிய வீரர்கள் உறங்குகிறார்கள்; பெரும்பாலான கற்களில் பெயரே இல்லை. இங்கே அவசரப்படாதீர்கள்.

நேரமோ முழங்காலோ இடம் தராவிட்டால், டி1 குன்றிலுள்ள வெற்றிச் சின்னத்தை விட்டுவிடலாம், படிகள் மிகுதி. ஆனால், நகரிலிருந்து ஏறத்தாழ ஒரு மணி நேரத் தொலைவிலுள்ள மூவாங் பாங்கை விடவேண்டாம் என்பதே என் உறுதியான கருத்து. ஜனவரி இறுதியில், எல்லாம் ஆயத்தமாக இருந்த நிலையிலும், விரைவுத் தாக்குதலைக் கைவிட்டுப் பீரங்கிகளைப் பின்னிழுக்க ஆணையிட்ட வியட்நாமியத் தளபதி வோ நுயென் ஜியாப், அதன்பின் இந்தக் காட்டுக் குடிலில் இருந்துதான் போரை நடத்தினார். அந்தப் பொறுமையே வெற்றியைத் தீர்மானித்தது என்று நான் கருதுகிறேன். அங்கே காட்டுப்பாதையில் நடக்க வேண்டும். காலையிலேயே கிளம்பி, தந்தைக்கு ஊன்றுகோல் எடுத்துச் செல்லுங்கள்.

மே 7 வெற்றி நினைவு நாளை ஒட்டிச் செல்வதானால், விடுதியையும் விமானச் சீட்டையும் முன்கூட்டியே உறுதி செய்துகொள்ளுங்கள்.