மகளின் 'கேன் டூல்' கோர்ஸுக்குப் பணம் கட்டலாமா?

அம்மா, உங்கள் மகள் இசிஇ மூன்றாம் ஆண்டு படிக்கிறார். வாகன எலக்ட்ரானிக்ஸ் பக்கம் போக ஆசைப்படுகிறார். 'கேனோ', 'கேனலைசர்' கற்றுத் தருகிறோம் என்று ஒரு தனியார் பயிற்சி நிலையம் பெரிய தொகை கேட்கிறது, கட்டலாமா என்று கேட்டிருக்கிறீர்கள். துறை நல்ல துறை, தாராளமாகப் போகட்டும். பணத்தை மட்டும் இப்போது கட்டாதீர்கள்.

இன்றைய காரில் இன்ஜினுக்கு, பிரேக்குக்கு, ஏர்பேக்குக்கு, டேஷ்போர்டுக்கு என்று தனித்தனி கட்டுப்பாட்டுப் பெட்டிகள் இருக்கின்றன. முறுக்கிய இரண்டு கம்பிகள் வழியாக அவை ஒன்றோடொன்று பேசிக்கொள்கின்றன. இதுதான் கேன் பஸ். பஸ் என்றால் பல பெட்டிகள் பகிர்ந்துகொள்ளும் தகவல் பாதை. 1986-ல் பாஷ் நிறுவனம் அறிமுகப்படுத்தியது. டேஷ்போர்டில் வேகம் தப்பாகக் காட்டினால் கோளாறு சென்சாரிலா, வயரிங்கிலா, மென்பொருளிலா என்று கண்டுபிடிக்க, அந்தக் கம்பியில் என்ன ஓடுகிறது என்று பார்த்தே ஆக வேண்டும். அதைக் காட்டும் மென்பொருள்களைத்தான் டூல் என்கிறார்கள். ஜெர்மனியின் வெக்டர் நிறுவனம் தரும் கேனோவும் கேனலைசரும் பெரிய கம்பெனிகளில் புழங்குபவை. ஒரகடம், ஓசூர், கோவை என்று வாகனத் தொழில் இருக்கும் ஊர்களில் டெஸ்டிங், வேலிடேஷன் வேலைக்கு ஆள் எடுக்கும்போது இந்தப் பெயர்கள் அடிபடுவது உண்மைதான்.

ஆனால் எந்த மெனுவில் எது இருக்கிறது என்பது வேலையில் சேர்ந்த சில வாரங்களில் கைக்கு வந்துவிடும். கம்பியில் ஓடுவதைப் படித்துப் புரிந்துகொள்வதற்குத்தான் நாள் பிடிக்கும். அதைப் பழக இலவச டூல்களே போதும்.

மகளின் லேப்டாப்பில் லினக்ஸ் என்ற இலவச இயங்குதளத்தைப் போடச் சொல்லுங்கள். கேன் செய்திகளைக் கையாளும் சாக்கெட்கேன் என்ற வசதி 2008 முதல் அதன் மையப் பகுதியான கெர்னலுக்குள்ளேயே இருக்கிறது. எந்தக் கருவியும் வாங்காமல் லேப்டாப்புக்குள்ளேயே கம்பியில்லாத ஒரு மெய்நிகர் பஸ்ஸை உருவாக்கி, திரையில் ஒரு ஜன்னலில் செய்தி அனுப்பி, இன்னொன்றில் 'கேன்டம்ப்' கட்டளையால் அது வந்து விழுவதைப் பார்க்கலாம். வயர்ஷார்க் என்ற இலவச மென்பொருளிலும் அதே செய்திப் போக்குவரத்தைப் பார்க்கலாம். பைத்தான் தெரிந்தால் பைத்தான்-கேன் நூலகம் வைத்துச் சின்னச் சின்ன சோதனைகளைத் தானாக ஓட விடலாம்.

அடுத்து இரண்டு ஆர்டுயினோ போர்டு (புரோகிராம் எழுதி இயக்கும் சின்ன எலக்ட்ரானிக் பலகை), அதைக் கேன் பஸ்ஸோடு இணைக்கும் எம்சிபி2515 மாட்யூல் இரண்டு, ஒரு மல்டிமீட்டர். இதில் கற்றுக்கொள்வது எந்த வீடியோவிலும் முழுதாகக் கிடைக்காது. பவரை அணைத்துவிட்டு இரண்டு கம்பிகளுக்கும் நடுவே அளந்தால் ஏறக்குறைய 60 ஓம் காட்ட வேண்டும். இரு முனையிலும் 120 ஓம் மின்தடை இருப்பதால் அந்த அளவு. 120 காட்டினால் ஒரு முனையில் மின்தடை இல்லை என்று அர்த்தம். மாட்யூலின் வேகத்தைத் தீர்மானிக்கும் கிரிஸ்டல் 8 மெகாஹெர்ட்ஸா 16-ஆ என்று பார்க்காமல் புரோகிராம் எழுதினால் வேகம் பொருந்தாது, ஒரு செய்தியும் வராது. இப்படி மாட்டிக்கொண்டு வெளியே வந்த பிள்ளை இன்டர்வியூவில் தடுமாறாது.

அங்கே எப்படிக் கேட்கலாம் தெரியுமா? "ஒரே ஒரு போர்டு செய்தி அனுப்புகிறது. டூலை வெறுமனே கவனிக்கும் மோடில் வைத்திருக்கிறாய். என்ன நடக்கும்?" அந்த மோடில் டூல் 'கிடைத்தது' என்ற ஒப்புதலைத் தராது. அதனால் போர்டு அதே செய்தியைத் திரும்பத் திரும்ப அனுப்பிக்கொண்டே இருக்கும். செய்து பார்த்தவர்கள் உடனே சொல்லிவிடுவார்கள்.

எண்ணைப் பொருளாக மாற்றவும் பழக வேண்டும். வண்டியின் நிலையைக் கேட்டறியும் டயக்னாஸ்டிக் முறையில் இன்ஜின் சுழற்சியைக் கேட்டால், பதிலில் இரண்டு பைட் (0 முதல் 255 வரையிலான எண்கள்) வரும். 26, 248 என்று வந்தால் 26-ஐ 256-ஆல் பெருக்கி, 248 கூட்டி, நான்கால் வகுக்க வேண்டும். நிமிடத்துக்கு 1726 சுற்று. உங்கள் வீட்டுக் காரில் முயன்றால் வண்டி நின்ற நிலையில் மட்டும், இதுபோன்ற வழக்கமான டயக்னாஸ்டிக் கேள்விகளோடு நிறுத்திக்கொள்ளட்டும். ஓடும் வண்டியின் பஸ்ஸில் எதையும் அனுப்பிப் பார்க்கவே கூடாது. இதில் நான் கண்டிப்பாக இருக்கிறேன்.

இந்தப் படிப்பு காரோடு முடிவதில்லை. தொழிற்சாலைகளில் 1979 முதல் இருக்கும் மாட்பஸ், விமானங்களில் மில்-1553 என்று மற்ற பஸ்களும் இருக்கின்றன. கார் வேலை உடனே கிடைக்காவிட்டால் ஆலை ஆட்டோமேஷன் பக்கமும் கதவு திறந்திருக்கும்.

வேலையின் இன்னொரு முகத்தையும் மகளிடம் பேசிவிடுங்கள். எல்லா நாளும் ஏசி அறையில் உட்காரும் வேலை இல்லை இது. சோதனை வண்டிக்குள் லேப்டாப்பை மடியில் வைத்துக்கொண்டு வெயிலில் டிராக்கைச் சுற்ற வேண்டியிருக்கலாம். எப்போதாவது மட்டும் வரும் ஒரு பிழைக்காக மணிக்கணக்கில் லாக் (பதிவான செய்திகளின் பட்டியல்) படிக்க வேண்டியிருக்கும். அதில் அவருக்கு ஆர்வம் வருகிறதா என்பது இந்த விடுமுறையில் வீட்டிலேயே தெரிந்துவிடும்.

ஆர்வம் வந்தால் இறுதியாண்டு புராஜெக்ட்டாக இதையே எடுக்கட்டும். கேனோவுக்கு இலவச டெமோ பதிப்பு இருக்கிறது, அதையும் தொட்டுப் பார்க்கட்டும். அதற்கப்புறமும் கோர்ஸ் வேண்டும் என்று தோன்றினால், அந்த நிலையத்துக்கு நேரில் போய் இரண்டு கேள்வி கேளுங்கள். ஒரு மாணவருக்கு ஒரு கருவி உண்டா, உரிமம் பெற்ற மென்பொருளா? சர்டிபிகேட்டைக் காட்டிப் பேச்சை மாற்றினால் எழுந்து வந்துவிடுங்கள்.