வங்கி இணைப்பில் விடுபட்ட 12 வருட சர்வீஸ்: பென்ஷனைத் திருத்த முடியுமா?

கேள்வி: பெங்களூரு அல்சூரில் இருக்கிறேன். 1997 ஜனவரியில் ஒரு சின்ன கூட்டுறவு வங்கியில் கிளார்க்காகச் சேர்ந்தேன். 2009 ஜனவரியில் அதை வேறொரு கூட்டுறவு வங்கியோடு இணைத்துவிட்டார்கள். 2020 டிசம்பரில் 58 வயதில் ரிட்டயர் ஆனேன். பென்ஷன் 1,883 ரூபாய்தான் வருகிறது. வங்கியில் கேட்டால் பிஎஃப் ஆபீஸைக் கை காட்டுகிறார்கள், அங்கே போனால் வங்கியைக் கேட்கச் சொல்கிறார்கள். கூட்டுறவுப் பதிவாளரிடம் புகார் கொடுக்கலாமா?

பதில்: அம்மா, பதிவாளரிடம் போய் நாளைக் கடத்தாதீர்கள். கர்நாடகக் கூட்டுறவுச் சட்டத்தின் 70-வது பிரிவு வங்கிக்கும் ஊழியருக்கும் நடுவில் உள்ள தகராறுக்கு. உங்களுக்கு வருவது 1995-ம் வருடத்து இபிஎஸ் (ஊழியர் பென்ஷன் திட்டம்) பென்ஷன், அது மத்திய அரசுத் திட்டம், அந்த பிபிஓ-வை, அதாவது பென்ஷன் வழங்கும் உத்தரவைத் திருத்தும் அதிகாரம் பிஎஃப் ஆபீஸுக்குத்தான் இருக்கிறது.

நீங்கள் சொன்ன தொகையை வைத்துக் கணக்குப் போட்டுப் பார்த்தேன். சம்பளத்தை சர்வீஸால் பெருக்கி 70-ஆல் வகுக்க வேண்டும். 2014 ஆகஸ்ட் வரையிலான சர்வீஸுக்கு சம்பள உச்சவரம்பு 6,500 ரூபாய், அதற்கப்புறம் உள்ளதற்கு 15,000. 2009-லிருந்து மட்டும் எடுத்தால் முதல் பகுதிக்கு 526, அடுத்ததற்கு 1,357, ஆக மொத்தம் அதே 1,883. அதாவது பழைய வங்கியில் வேலை பார்த்த 12 வருடம் கணக்கிலேயே ஏறவில்லை. முழு 24 வருடத்தையும் எடுத்தால் 2,997 வரும். அதோடு, 20 வருடம் முடித்து 58-ல் ஓய்வு பெற்றவர்களுக்கு 2 வருட போனஸ் சர்வீஸ் உண்டு, அதுவும் சேர்ந்தால் 3,000-ஐத் தாண்டிவிடும். மாதம் ஆயிரத்துக்கு மேல் உங்களுக்குச் சேர வேண்டிய பணம் வராமல் போயிருக்கிறது, கேட்கவே மனசு பொறுக்கவில்லை.

முதலில் ஒன்றை உறுதி செய்துகொள்ளுங்கள். வங்கி இணைந்த சமயத்தில் 10-சி ஃபார்ம் போட்டு பழைய பென்ஷன் பணத்தை எடுத்தீர்களா? 10 வருடத்துக்கு மேல் சர்வீஸ் உள்ளவருக்கு அப்படிக் கொடுக்க விதியில் இடமில்லை, ஆனாலும் கொடுத்திருந்தால் அந்த சர்வீஸைத் திரும்பச் சேர்ப்பது சிக்கல். எடுக்கவில்லை என்றால் உங்கள் பக்கம் பலமாக இருக்கிறது.

பீரோவில் பழைய பிஎஃப் வருடாந்திர ஸ்லிப் இருக்கிறதா என்று தேடுங்கள். கேஎன் என்று ஆரம்பிக்கும் கணக்கு எண் அதில் இருக்கும். புது வங்கியில் வேறு எண் கொடுத்துவிட்டு, பழைய கணக்கை மாற்ற வேண்டிய ஃபார்ம் 13-ஐ யாரும் அனுப்பாமல் விட்டிருப்பார்கள், வங்கிகள் இணையும்போது இது நிறைய நடக்கிறது. நியமன உத்தரவு, ஒன்றிரண்டு சம்பளச் சீட்டு, இணைப்பு உத்தரவின் நகல் இதெல்லாம் அந்த ஸ்லிப்போடு சேர்ந்தால் போதும்.

அப்புறம், வாயால் கேட்பதை இன்றோடு நிறுத்துங்கள். இப்போதைய வங்கிக்கு ரிஜிஸ்டர் தபாலில் ஒரு கடிதம் போடுங்கள்: பழைய வங்கியின் 3-ஏ, 6-ஏ ரிட்டர்ன்களை (ஊழியர்களுக்குக் கட்டிய பிஎஃப் பணத்தின் வருடாந்திரக் கணக்கு) எடுத்து பிஎஃப் ஆபீஸுக்கு அனுப்பச் சொல்லி. பழைய வங்கி பணமே கட்டாமல் விட்டிருந்தாலும், இணைப்பு நடந்தபோது இருந்த பிஎஃப் சட்டத்தின் 17-பி பிரிவுப்படி, இணைந்த நிறுவனம் எடுத்துக்கொண்ட சொத்தின் மதிப்பு வரைக்கும் பொறுப்பேற்க வேண்டும், "அது எங்களுக்கு முந்தின கதை" என்று சொல்லித் தப்ப முடியாது. கடிதத்தில் அந்தப் பிரிவைக் குறிப்பிட்டே எழுதுங்கள்.

பிஎஃப் ஆபீஸுக்கு பிபிஓ திருத்தம் கேட்டுத் தனி மனு கொடுங்கள். பெங்களூருவில் பிஎஃப் ஆபீஸ்கள் பல இருக்கின்றன, உங்கள் பிபிஓ எங்கே போட்டதோ அங்கேதான் கொடுக்க வேண்டும். கூடவே 10 ரூபாய் கட்டி ஒரு ஆர்டிஐ (தகவல் அறியும் உரிமை) மனு போடுங்கள், என் பென்ஷனுக்கு எந்தத் தேதியிலிருந்து எந்தத் தேதி வரை சர்வீஸ் எடுத்தீர்கள் என்று அந்த ஒரே கேள்வி. 30 நாளில் பதில் சொல்லியாக வேண்டும், அந்தப் பதில்தான் பின்னால் உங்கள் முக்கிய சாட்சி.

அதற்கும் அசையவில்லை என்றால் நுகர்வோர் ஆணையம். பென்ஷன் திட்ட உறுப்பினரும் நுகர்வோர்தான் என்று 2008-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. உங்கள் மாதிரி வழக்குக்குக் கட்டணமும் கிடையாது. உயர் நீதிமன்றத்தில் பிஎஃப் ஆபீஸ் மேல் ரிட் போடவும் வழி இருக்கிறது, ஆனால் செலவு கூடும், அதைக் கடைசியாக வைத்துக்கொள்ளலாம்.

முழுச் சம்பளத்துக்கும் பென்ஷன் கணக்கிடுவது பற்றி உச்ச நீதிமன்றம் 2022 நவம்பரில் சொன்ன தீர்ப்பைக் காட்டி உயர் பென்ஷன் வாங்கித் தருகிறேன் என்று யாராவது முன்பணம் கேட்டால் கொடுக்காதீர்கள், உங்கள் பிரச்சினை அது இல்லை.

மாதாமாதம் குறைத்துக் கொடுப்பது தொடர்ந்து நடக்கும் தவறு, அதனால் உரிமை போய்விடாது. ஆனால் இந்த மாதிரி வழக்குகளில் அரியரை மூன்று வருடத்துக்கு மட்டும் கொடுக்கச் சொல்வது நீதிமன்றங்களின் வழக்கம். ஏற்கெனவே அதற்கு மேல் ஆகிவிட்டது, இனி தள்ளிப்போடும் ஒவ்வொரு மாதமும் நஷ்டம்தான். வங்கிக்கும் பிஎஃப் ஆபீஸுக்கும் போக வேண்டிய கடிதங்களை இந்த வாரமே அனுப்பிவிடுங்கள், தபால் ரசீதைப் பத்திரமாக வையுங்கள்.