பேர் சொல்லிக் கூப்பிட ஆளில்லாத சிப்பாய்

மலேசியாவின் சுங்கை சிப்புட்டில் மாதம் ஒருமுறை கூடும் எங்கள் வாசகர் வட்டத்தில், போன ஞாயிறு ராணுவ அறிவியல் கதைகளை, அதாவது எதிர்காலப் போர்களைக் கற்பனை செய்யும் கதைகளைப் பற்றி என்னிடம் கேள்வி கேட்டார்கள். நான் ஓய்வு பெற்ற தோட்டப் பள்ளி ஆசிரியர்; நாற்பது வருடமாக இந்தக் கதைகளை விடாமல் படிக்கிறேன். நேரம் போதாமல் விட்டதையும் சேர்த்து எழுதுகிறேன்.

கே: மாஸ்டர், இந்தக் கதைகளில் சிப்பாயின் அடையாளத்தைப் பறிப்பது இயந்திரம்தானே? (படிவம் ஆறு மாணவி)

ப: எனக்கு அப்படித் தோன்றவில்லை, தங்கச்சி. ஜோ ஹால்டிமன் 1974இல் எழுதிய 'தி ஃபாரெவர் வார்' நாவலைப் பாருங்கள். அவர் இயற்பியல் படித்தவர், வியட்நாம் போரில் காயப்பட்டவர். அவருடைய நாயகன் மாண்டெல்லாவின் கவச உடை அவனைக் காப்பாற்றத்தான் செய்கிறது. அவனைக் கரைப்பது காலம். ஒளிவேகத்தை நெருங்கும் கப்பலில் கடிகாரம் மெதுவாக ஓடும். ஐன்ஸ்டீன் 1905இல் போட்ட கணக்கு. கப்பலில் அவனுக்குச் சில மாதம், பூமியில் பல வருடம். முதல் தடவை வீடு திரும்பும்போதே அம்மா கிழவி. கடைசிப் பயணத்தில் நூற்றாண்டுகள் ஓடிவிடுகின்றன. அவனுக்குக் கீழே உள்ள சிப்பாய்கள் அவனோடு பேசுவதற்காகவே அவன் காலத்து ஆங்கிலத்தைப் பாடம் போலப் படித்திருக்கிறார்கள். அந்த இடத்தில் புத்தகத்தை மூடிவிட்டு வாசலில் போய் நின்றேன். நம் பேரப்பிள்ளைகளோடு நாம் பேசும் தமிழ் ஞாபகம் வந்தது.

கே: மூளைக்குள்ளேயே கட்டளை வைப்பார்களாமே? (லோரி ஓட்டும் தம்பி)

ப: அதே நாவலில் இருக்கிறது. முன்கூட்டியே மனவசியம் செய்து, ஒரு பழைய ஸ்காட்லாந்துக் கவிதையின் வரியைச் சொன்னதும் வெறி ஏறும்படி வைத்திருப்பார்கள். எதிரி செய்யாத கொடுமைகளெல்லாம் சொந்த நினைவு போலக் கண்முன் ஓடும். அவை பொய் என்பதும் மாண்டெல்லாவுக்குத் தெரியும். தெரிந்தும் கை நிற்காது. எல்லாம் முடிந்தபிறகு குற்ற உணர்ச்சி மட்டும் அசல். மூளையில் வைத்தவன் யாரோ, சுமப்பவன் இவன்.

கே: 75 வயதுக்காரரைப் படையில் சேர்க்கும் கதை எது?

ப: ஜான் ஸ்கால்சியின் 'ஓல்ட் மேன்ஸ் வார்', 2005. பழைய உடலைப் போட்டுவிட்டு, பச்சைத் தோல் கொண்ட புது உடலுக்கு மனதை மாற்றுகிறார்கள். என்னை அதிகம் உலுக்கியவர்கள் அதில் வரும் சிறப்புப் படையினர். இறந்தவர்களின் மரபணுவிலிருந்து உருவாக்கப்பட்டவர்கள், குழந்தைப் பருவமே இல்லாதவர்கள். அவர்களுக்கு விஞ்ஞானிகளின் குடும்பப் பெயரை வைக்கிறார்கள். அப்பா அம்மா வைக்காத பேர்.

கே: நிஜத்தில் அப்படிக் கவச உடை உண்டா?

ப: அமெரிக்கச் சிறப்புப் படை அப்படி ஒரு உடை செய்யும் திட்டத்தை 2013இல் 'டேலோஸ்' என்ற பேரில் ஆரம்பித்து, 2019இல் நிறுத்திவிட்டது.

கே: தோட்டத்து ஆட்களான நமக்கு இதெல்லாம் எதற்கு, ஐயா?

ப: நமக்குத்தான் இது சீக்கிரம் புரியும். என் அப்பாவை விடியற்காலைப் பெரட்டில் (ஆள் கணக்கெடுப்பில்) கிராணி, அதாவது தோட்டக் கணக்கர், பேர் சொல்லிக் கூப்பிட்டதே இல்லை, செக்ரோல் என்ற வருகைப் பதிவேட்டு நம்பர்தான். 1942–43இல் ஜப்பானியர் நம் ஆட்களைச் சயாம் (இன்றைய தாய்லாந்து) ரயில் பாதை வேலைக்குக் கொண்டுபோனார்கள். அங்கே காஞ்சனபுரியில் போர்க்கைதிகளின் கல்லறைகள் வரிசையாக, பேரோடு இருக்கின்றன. பாதையோரம் செத்த தமிழர்களில் பெரும்பாலோருக்கு ஒரு கல்கூடக் கிடையாது. மாண்டெல்லாவைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு அந்தக் கிடைக்காத கற்கள்தான் கண்ணில் நிற்கும்.

கே: மாஸ்டர், என் மகன் ராணுவத்தில் இருக்கிறான். லீவில் வந்தால் பேசுவதே இல்லை. இந்தக் கதைகளில் அதற்கு வழி இருக்கிறதா?

ப: மாண்டெல்லாவுக்குக் கடைசியில் ஒரு கடிதம் கிடைக்கிறது, அக்கா. அவனை நன்றாகத் தெரிந்த மேரிகே என்ற பெண் எழுதியது. தானும் ஒரு கப்பலில் ஏறி, அதன் மெதுவான கடிகாரத்தில் காலத்தைக் கடத்திக்கொண்டு அவனுக்காகக் காத்திருக்கிறாள். நீங்களும் உங்கள் மகனைக் கேள்வி கேட்காதீர்கள். சின்ன வயதில் கூப்பிட்ட பேரைச் சொல்லிச் சாப்பிடக் கூப்பிடுங்கள்.