நீட் போனாலும் நோய்ப்பரவலைத் துப்பறியலாம்

கேரளத்தின் தமிழ்நாட்டு எல்லையோரக் கொழிஞ்சாம்பாறையிலிருந்து எழுதிய அம்மாவுக்கு,

நீட் மதிப்பெண் குறைந்ததால், நோய் பரவுவதை ஆராயும் வேலைக்குப் போக வேண்டும் என்ற மகளின் ஆசையும் முடிந்துபோனது என்று வருந்தியிருக்கிறீர்கள். முடியவில்லை அம்மா. அந்த வேலையில் டாக்டர்கள் மட்டும் இல்லை.

ஓர் இடத்தில், ஒரு காலத்தில், வழக்கத்தைவிட அதிகம் பேருக்கு ஒரு நோய் வந்தால் அதுவே நோய்ப்பரவல். மழைக்காலத்தில் சிலருக்கு டெங்கு வருவது எதிர்பார்த்ததுதான். அரிதான, உயிரைப் பறிக்கும் நிபா வைரஸ் என்றால் ஒரே ஒருவர் போதும், விசாரணை தொடங்கிவிடும். 2018இல் கோழிக்கோட்டில் ஒரே குடும்பத்தில் அடுத்தடுத்து நோய் கண்டதைக் கவனித்ததால்தான் நிபா வெளிச்சத்துக்கு வந்தது.

விசாரணையில் முதலில் ஆய்வக முடிவை உறுதிசெய்வார்கள். எந்த அறிகுறி, எந்த ஊர், எந்தத் தேதிக்குள் இருந்தால் நோயாளியாகக் கணக்கில் எடுப்பது என்று வரையறுப்பார்கள். அப்புறம் ஒவ்வொருவரின் வயது, வீடு, நோய் தொடங்கிய நாள் எல்லாம் பட்டியலாகும். தேதிவாரியாக வரைபடம் போட்டால் பாதி விடை அதிலேயே தெரியும்: கல்யாணச் சாப்பாட்டில் வந்த வயிற்றுப்போக்கு சட்டென்று ஏறி இறங்கும், ஆளுக்கு ஆள் தொற்றினால் அலை அலையாக வரும். நோய் வராதவர்களிடமும் என்ன சாப்பிட்டார்கள், எந்தத் தண்ணீர் குடித்தார்கள் என்று கேட்பார்கள். எனக்கு மிகவும் பிடித்த பகுதி இதுதான். நலமாக இருப்பவர்களோடு ஒப்பிடாமல் காரணம் பிடிபடாது. அதற்காகக் கட்டுப்பாட்டு வேலை காத்திருக்காது; கிணற்றுக்குக் குளோரின் போடுவது உடனே நடக்கும். நிபாவில் புதிய நோயாளி இல்லாமல் 42 நாட்கள் கடந்த பிறகே ஓய்ந்தது என்பார்கள். நோய் வெளிப்பட ஆகக்கூடிய அதிகபட்சக் காலமாக எடுத்துக்கொள்ளும் 21 நாட்களின் இரு மடங்கு அது.

இதற்கு ஹெல்த் இன்ஸ்பெக்டர் டிப்ளமோ, பி.எஸ்சி. நர்சிங், நுண்ணுயிரியல், புள்ளியியல், கால்நடை மருத்துவம் என்று பல வழிகள் உண்டு. கால்நடை மருத்துவத்துக்கும் நீட் மதிப்பெண் பார்ப்பார்கள் என்பதால், உங்கள் மகளுக்கு நான் முதலில் சொல்வது நர்சிங் அல்லது புள்ளியியல். பட்டத்துக்குப் பின் பொதுச் சுகாதார முதுகலை படிக்க, திருவனந்தபுரத்தில் அச்சுத மேனன் மையமும் சென்னையில் தேசிய தொற்றுநோயியல் நிறுவனமும் இருக்கின்றன. தகுதி விதிகளை அவர்களின் அறிவிப்பிலேயே பாருங்கள்.

ஒரு எச்சரிக்கை. டிப்ளமோவில் சேர்த்தால், பணம் கட்டும் முன் அந்தச் சான்றிதழை, அரசு வேலைக்கு ஆள் எடுக்கும் கேரளத் தேர்வாணையம் (பி.எஸ்.சி.) ஏற்கிறதா என்று எழுத்தில் கேட்டு வாங்குங்கள். எல்லைப் பிள்ளைகள் பலர் தமிழ்நாட்டில் படித்துவிட்டு இங்கே விண்ணப்பிக்கும்போதுதான் இதை யோசிக்கிறார்கள்.

தமிழில் படித்தவள் என்று தயங்க வேண்டாம். எல்லையிலுள்ள வாளையாருக்கு இரு பக்கமும் வீடு வீடாகப் போய் இரண்டு மொழியிலும் கேள்வி கேட்கத் தெரிந்தவள் இந்த வேலைக்குத் தேவை. மலையாளம் எழுதவும் பழகட்டும். இந்த வாரமே உங்கள் ஆரம்ப சுகாதார நிலையத்தின் ஹெல்த் இன்ஸ்பெக்டரிடம் அவளை அழைத்துப் போங்கள். காய்ச்சல் விவரங்களை எப்படிப் பதிவு செய்கிறார்கள் என்று அவளே கேட்கட்டும்.