பொங்கல் சோறு தின்ற மாடு: எண்ணெய் ஊற்றாதீர்கள்

மாட்டுப் பொங்கலன்று சோறும் வாழைப்பழமும் வயிறு முட்டத் தின்ற பசு, மறுநாள் முதல் அசை போடவில்லை, சாணம் தண்ணீராகப் போகிறது, நல்லெண்ணெய் ஊற்றலாமா என்று கேட்டிருக்கிறீர்கள். வேண்டாங்க. நான் கால்நடை ஆய்வாளர். தை மாதம் பிறந்தால் எங்களுக்கு இதே வேலைதான்.

இது வெறும் அஜீரணம் இல்லை. வெந்த சோறு பெருவயிற்றில் சீக்கிரமே புளித்து அமிலமாகிவிடும். அமிலம் ரத்தத்தில் ஏறினால் மாடு படுத்துவிடும், அப்புறம் எழுப்புவது கஷ்டம். மாட்டின் இடது பக்கம், கடைசி விலாவுக்கும் இடுப்பெலும்புக்கும் நடுவே உள்ள பள்ளத்தில் முஷ்டியை வைத்து அழுத்திப் பாருங்கள். நல்ல மாட்டுக்குப் பிசைந்த மாவு மாதிரி இருக்கும், இரண்டு நிமிடத்துக்குள் இரண்டு மூன்று முறை உள்ளிருந்து கையைத் தள்ளும். உங்கள் மாட்டுக்கு அந்த அசைவே இல்லாமல், தண்ணீர்ப் பை போலத் தளும்பினால் இன்றைக்கே டாக்டர் பார்க்க வேண்டும். தமிழ்நாட்டில் இருந்தால் 1962-க்குக் கூப்பிடுங்கள், நடமாடும் மருத்துவ வண்டிக்கான இலவச எண் அது.

அதுவரை தவிடு, புண்ணாக்கு, கஞ்சித் தண்ணீர் எதுவும் வேண்டாம். வைக்கோல் மட்டும் போடுங்கள். ஆப்ப சோடா கரைசல் கொடுப்பதுண்டு, ஆனால் அளவை டாக்டரிடம் கேட்டுக்கொள்ளுங்கள். நாக்கை இழுத்துப் பிடித்து எதையும் ஊற்றாதீர்கள், நுரையீரலுக்குள் போய்விடும். போன வருடம் ஒரு நல்ல கறவை மாட்டை நாங்கள் இழந்தது சோற்றால் இல்லை, மூங்கில் குழாயில் ஊற்றிய எண்ணெயால்.

எவ்வளவு சோறு, எத்தனை மணிக்குத் தின்றது, சினை மாடா என்பதை டாக்டரிடம் மறக்காமல் சொல்லுங்கள்.