இறக்குமதி வரியால் கார் எலெக்ட்ரானிக்ஸ் சப்ளை எப்படிப் பாதிக்கப்படுகிறது? விலை கூடும், அவ்வளவுதானே?

வாகனக் கன்ட்ரோல் யூனிட்டுகளுக்கு, அதாவது காரின் எஞ்சின், பிரேக் போன்றவற்றை இயக்கும் எலெக்ட்ரானிக் பெட்டிகளுக்குப் பாகங்கள் வாங்கும் பர்ச்சேஸ் வேலையில் இருப்பவன் என்பதால் சொல்கிறேன்: வரி எங்களுக்கு இரண்டாவது தலைவலிதான்.

வரி என்பது பணக்கணக்கு. அமெரிக்கா 2025 ஏப்ரல் 3 முதல் இறக்குமதி கார்களுக்கும், மே 3 முதல் பல உதிரிபாகங்களுக்கும் 25% போட்டது. அதை யார் சுமப்பது என்று கார் கம்பெனியும் சப்ளையரும் மல்லுக்கட்டுவார்கள். கடைசியில் ஆளுக்குக் கொஞ்சம் தலையில் விழும். ஆனால் சரக்கு வந்துகொண்டுதான் இருக்கும். ஏற்றுமதித் தடை வந்தால் சரக்கே வராது.

நெக்ஸ்பீரியா விவகாரத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். நெதர்லாந்து சிப் நிறுவனம், முதலாளி சீனாவின் விங்டெக். 2025 செப்டம்பர் 30 அன்று டச்சு அரசு 1952ஆம் ஆண்டுச் சட்டம் ஒன்றைத் தூசி தட்டி எடுத்து அதன் நிர்வாக முடிவுகளில் தலையிட்டது. அக்டோபர் 4 அன்று சீனா, அந்த நிறுவனத்தின் சீன ஆலையிலிருந்து சரக்கு வெளியே போகத் தடை போட்டது. வேஃபர், அதாவது பல சிப்புகள் ஒன்றாக உருவாகும் சிலிக்கான் தட்டு, தயாராவது ஹாம்பர்க்கிலும் மான்செஸ்டரிலும். அதில் ஏறக்குறைய 70% வெட்டி, பேக் செய்யப்படுவது சீனாவின் டோங்குவானில். அக்டோபர் கடைசியில் மெக்சிகோவின் செலாயாவில் ஹோண்டா ஆலை நின்றது.

நின்றது ஏதோ பெரிய பிராசஸருக்காக என்று நினைக்க வேண்டாம். டையோடு, டிரான்சிஸ்டர், சின்ன மாஸ்ஃபெட் போன்ற, மின்சாரத்தைத் திறந்து மூடும் எளிய பாகங்கள்தான். அரிசி மணியைவிடச் சின்னது, டேப்பில் சுருட்டி வரும் ஒரு ரீலுக்கு 3000 வரும், ஒன்றின் விலை சில காசுகளோ சில ரூபாயோ. பேரம் பேசக்கூட யாரும் மெனக்கெடாத சாமான்.

'வேறு கம்பெனி டையோடு வாங்கிப் போட வேண்டியதுதானே?' என்பார்கள். போடலாம்தான். ஆனால் வாகனத்தில் போகும் பாகத்துக்குத் தனித் தரச்சோதனை உண்டு. ஒரு டையோடை மாற்றினாலும் போர்டை மறுபடி சூட்டிலும் அதிர்விலும் சோதித்து, பேப்பர் எல்லாம் தயாரித்து, வாடிக்கையாளரின் கையெழுத்து வாங்க வேண்டும். மாதக்கணக்கில் இழுக்கும். அந்த இடைவெளியில்தான் புரோக்கர்கள் வருகிறார்கள், பல மடங்கு விலையோடு. ஒரு முறை ஒருவர் அனுப்பிய போட்டோவில் லேபிளில் ஒரு தயாரிப்புத் தேதிக் குறியீடு, ரீலில் வேறொன்று. வேண்டாம் என்று விட்டுவிட்டோம்.

சீனா நவம்பரில் தடையைத் தளர்த்தியது; டச்சு அரசும் நவம்பர் 19 அன்று தன் உத்தரவை நிறுத்திவைத்தது. ஆனால் அதற்குள் நெக்ஸ்பீரியாவின் ஐரோப்பியத் தரப்பு டோங்குவானுக்கு வேஃபர் அனுப்புவதையே நிறுத்தியிருந்தது. இரண்டு அரசுகள் இறங்கி வந்தும் சப்ளை பழையபடி ஓடவில்லை.

இன்னொரு கூத்து, சிப் எந்த நாட்டுச் சரக்கு என்பது. அமெரிக்கச் சுங்கம் பொதுவாகப் பேக்கேஜிங் நடந்த நாட்டைப் பார்க்கும். சீனாவின் செமிகண்டக்டர் சங்கமோ 2025 ஏப்ரலில், வேஃபர் தயாரான நாடுதான் கணக்கு என்று அறிவித்தது. ஆக, அமெரிக்காவில் தயாரான வேஃபர் மலேசியாவில் பேக் ஆனால், அதே சிப் அமெரிக்கச் சுங்கத்துக்கு மலேசியச் சரக்கு, சீனாவில் அமெரிக்கச் சரக்கு. இப்போது எங்கள் பாகப் பட்டியலில் விலைக்குப் பக்கத்தில் பேக் ஆன நாடு, வேஃபர் தயாரான நாடு இரண்டுக்கும் தனித்தனிக் கட்டம் போட்டிருக்கிறோம். பாதிப் பாகங்களுக்கு இரண்டாவது கட்டத்தை நிரப்ப, சப்ளையரிடம் மெயில் மேல் மெயில் போட வேண்டியிருக்கிறது.